நகர்ந்து கொடுத்த இடம்

பேய், பிசாசு என்று யாராவது வாயைத் திறந்தால், "ஒமக்கு வேற சோலி இல்லையா?" என்று கேட்கிறவள் நான். இதைக் கேட்டு நீங்கள் சிரித்தாலும் சரி, கண்ணால் பார்த்ததை நான் மாற்றிச் சொல்ல மாட்டேன்.

அப்போது இலஞ்சியில் டெலிவிஷன் என்ற பேரையே யாரும் கேட்டதில்லை. டெல்லியில் புதிதாக வந்திருக்கிறதாம், சாதாரணக் குடும்பத்தின் ஒரு நாளைச் சோதனையாகப் படம் எடுக்கிறார்களாம். குற்றாலம் சீசனுக்கு வந்த அந்தக் கூட்டம் எங்கள் வீட்டைப் பிடித்தது. "தினமும் செய்யறதையே செய்யுங்க, கேமராவைப் பாக்காதீங்க" என்றார் தமிழ் தெரிந்த ஒருவர். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. என் மகன் முருகன் இல்லாத வீட்டில் என்ன தினமும்? பட்டாளத்தில் சேருவேன் என்ற பிள்ளையை, "இந்த வீட்ல ஒனக்கு ஒரு வாய்ச் சோறு கெடையாதுலே" என்று சாப்பாட்டிலிருந்து எழுப்பி விரட்டினார் என் புருஷன். இரண்டு வருஷமாக ஒரு கடுதாசி இல்லை.

படம் எடுத்த அன்று மதியம் அவருக்கும் மகள் செல்விக்கும் பரிமாறினேன். பாதிச் சாப்பாட்டில் அவர் சற்றே நகர்ந்து உட்கார்ந்தார், அவ்வளவுதான் நான் பார்த்தது.

அடுத்த சீசனில் அந்தப் படத்தைக் கொண்டுவந்து தென்காசிக் கொட்டகையில் எங்களுக்குப் போட்டுக் காட்டினார்கள். திரையில் நான் குனிந்து குழம்பு ஊற்றுகிறேன். அவர் நகருகிறார். நகர்ந்த இடத்தில், விரட்டிய அன்று போட்டிருந்த அதே கட்டம்போட்ட சட்டையோடு முருகன் உட்காருகிறான். அப்பா இலையிலிருந்து ஒரு வாய் எடுத்துச் சாப்பிடுகிறான். நம்பினால் நம்புங்கள், "அம்மா, அண்ணன்!" என்று செல்வி என் கையைப் பிடித்துக்கொண்டாள். அவர் மட்டும் திரையைப் பார்க்கவில்லை, தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

வீட்டுக்கு வந்ததும் அவரைப் பிடித்துக்கொண்டேன். "அன்னைக்கே பாத்தியள்லா? பெத்தவகிட்ட ஏன் சொல்லல?"

"வெயில் அடிச்சுது, நவுந்தேன். சும்மா கெடட்டி."

பொய். படத்தில் அவர் நிழலிலிருந்து வெயிலுக்குத்தான் நகர்ந்தார். பத்து மாதம் சுமந்த என் கண்ணுக்குத் தெரியாதவன், விரட்டிய மனுஷன் கண்ணுக்குத் தெரிந்தானா? அந்த ஆத்திரம் எனக்கு இன்னும் ஆறவில்லை.

முருகன் வரவே இல்லை. இருக்கிறானா, இல்லையா என்றும் தெரியாது. இவர் இன்றும் அந்த வெயிலில்தான் உட்கார்ந்து சாப்பிடுகிறார். போன வாரம் பரிமாறும்போது, "இப்ப வந்திருக்கானா?" என்று கேட்டேன்.

அவர் இலையை இழுத்துக்கொண்டு இன்னும் கொஞ்சம் நகர்ந்தார்.