அந்த ஒரு வரி வேண்டாமுங்க

போன மாதம் ஒரு வக்கீல் ஆபீஸில் நான் ஒரு மட்டமான யோசனை சொன்னேன். அடுத்த நிமிஷமே வாங்கிக் கட்டிக்கொண்டேன்.

சுகந்தி எங்கள் தெருவில் தையல் யூனிட் நடத்துகிறவள். கருமத்தம்பட்டியில் விசைத்தறி வைத்திருக்கும் வீட்டுக்கு வாழப்போனாள். இரண்டு வருஷம் புருஷனிடம் அடி வாங்கினாள். பிறகு போலீஸில் புகார் கொடுத்துவிட்டுத் தாய் வீட்டுக்கு வந்துவிட்டாள்.

அப்புறம் நடந்ததெல்லாம் நம் ஊர் வழக்கம்தான். இரண்டு பக்கத்துப் பெரியவர்களும் மண்டபத்தில் உட்கார்ந்து பேசினார்கள். பீரோ, கட்டில், பித்தளை அண்டா என்று அவளுடைய சீர் சாமான்கள் டெம்போவில் திரும்பி வந்தன. விவாகரத்தும் ஆனது. சீர் திரும்பிவிட்டால் எல்லாம் தீர்ந்தது என்றுதானே இங்கே நினைப்போம்? போலீஸ் கேஸ் ஒன்று பாக்கி இருப்பது யாருக்கும் உறைக்கவே இல்லை... கோர்ட்டிலிருந்து சம்மன் வரும்வரை.

புருஷனுக்கு, மாமியாருக்கு, நாத்தனார் கவிதாவுக்கு — மூன்று சம்மன். கவிதா மேட்டுப்பாளையத்தில் குடும்பம் நடத்துகிறவள். அண்ணன் வீட்டில் நடந்ததில் அவளுக்குப் பங்கே கிடையாது. புகார் கொடுத்த அன்று, கூடப் போன எங்கள் பக்கத்துச் சொந்தக்காரர்கள் அந்த வீட்டார் எல்லார் பேரையும் எழுதச் சொன்னார்கள், எழுதியாயிற்று. இப்போது கவிதா அரசாங்க வேலைக்குத் தேர்வாகி, ஆர்டருக்குக் காத்திருக்கிறாள். கேஸ் இருந்தால் ஆர்டர் வருமா?

சுகந்தி நேராக ஸ்டேஷனுக்குப் போய் வாபஸ் என்றாள். அது முடியாது என்றார்கள். நீங்கள் இரண்டு பேரும் சமாதானமானாலும் இது அரசாங்கம் நடத்தும் கேஸ். ஹைகோர்ட்தான் ரத்து செய்ய வேண்டும். அதற்கு நீ சம்மதம் எழுதித் தர வேண்டும் என்று விளக்கினார்கள்.

அப்படித்தான் வக்கீல் ஆபீஸுக்குப் போனோம். சம்மதப் பத்திரம் இங்கிலீஷில் இருந்ததால் படித்துச் சொல்ல என்னைக் கூட்டிப்போயிருந்தாள். எதிர் பெஞ்சில் அந்த வீட்டார் மூன்று பேரும். நான் படித்துக்கொண்டே வந்தேன். 'தவறான புரிதலால் இந்தப் புகாரைக் கொடுத்துவிட்டேன்' என்ற வரி வந்ததும் சுகந்தி கையை நீட்டி நிறுத்தினாள்.

"அந்த வரி வேண்டாமுங்க சார்."

எல்லாப் பத்திரத்திலும் இருக்கிற வரிதான் அம்மா, இருந்தால் ஜட்ஜ் கேள்வி கேட்கமாட்டார் என்றார் வக்கீல். நானும் புத்திசாலி மாதிரி, போட்டுத் தொலை, வெறும் காகிதம்தானே என்றேன். என்னைத் திரும்பிப் பார்த்தாள்.

"ஏனுங்கக்கா, ரெண்டு வருசம் அடி வாங்குனது தப்பான புரிதலாங்க? கேஸு வேண்டாம்னு நூறு கையெழுத்து போடறேன். பொய்யின்னு ஒண்ணு கூடப் போட மாட்டேன். கவிதா ஒண்ணுமே செய்யலை, அவ பேரைச் சேர்த்தது என் தப்பு — அதைய எழுதுங்க. அது நெசம்."

எனக்கு முகத்தை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியவில்லை. எங்கள் பக்கத்தில் மறுப்பதையும் 'ங்க' போட்டுத்தான் மறுப்போம். அதைப் பார்த்து வளைந்து கொடுப்பார்கள் என்று நினைப்பவர்கள் ஏமாந்து போவார்கள்... அன்று நான் ஏமாந்தேன். வக்கீல் எதிர் பெஞ்சைப் பார்த்தார். புருஷன் ஜன்னலைப் பார்த்தான். அவள் சொல்கிறபடியே எழுதுங்கள் என்றாள் கவிதா.

இந்தத் திங்கட்கிழமை சென்னையில் விசாரணை. யாராவது மிரட்டினார்களா என்று ஜட்ஜ் கேட்டார். சுகந்தி குரலை உயர்த்தவில்லை.

"யாரும் மிரட்டலைங்க ஐயா. நடந்தது நடந்ததுதானுங்க. ஆனா இந்தக் கேஸைத் தூக்கிட்டுத் திரிய எனக்கு இஷ்டமில்லைங்க."

ஜட்ஜ் பத்திரத்தைப் புரட்டிப் பார்த்தார். வேறு எதுவும் கேட்கவில்லை. கேஸ் ரத்தானது.

சமாதானத்துக்கு வருகிற பெண்ணிடம், கூடவே ஒரு பொய்யையும் ஏன் கேட்டு வாங்குகிறோம்? விட்டுக்கொடுக்கிறாள், போதாதா? பட்டதையே படவில்லை என்றும் அவள் சொல்ல வேண்டுமா?

கோர்ட் வராந்தாவில் கவிதா சுகந்தியின் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள். புருஷன் முன்னால் நடந்துவிட்டான். கடைசியாக வந்த மாமியார் சுகந்தியின் பக்கத்தில் வந்து நின்றார்.

"நீ அடி பட்டதா எழுதுனது அத்தனையும் நெசந்தான் அம்மணி. நாந்தேன் வாயைத் தொறக்காம இருந்துபோட்டேன்."

இந்த வரியை எந்த வக்கீலும் எழுதித் தரவில்லை.