சித்தியின் வெறுங்கழுத்து

சித்தப்பா மழைச்சட்டையை மடியில் வைத்துக்கொண்டு, ரவாங் டவுனில் எங்கள் தொழிற்சாலைக்கு எதிரே மோட்டார் சைக்கிளில் உட்கார்ந்திருந்த அந்த மாலைதான் எல்லாவற்றுக்கும் ஆரம்பம். எண்பதுகளின் நடுப்பகுதி. மனைவி நனைந்துவிடுவாளே என்று ரப்பர் தோட்டத்திலிருந்து தானாகக் கிளம்பி வந்தவர். அந்த நல்ல மனசை நினைத்தால்தான் எனக்கு இன்னும் எரிச்சலாக வருகிறது.

நானும் சித்தியும் ஒரே வரிசையில் வேலை பார்த்தோம். மின்னணுச் சாமான்கள் செய்யும் இடம். உடம்பில் துளி உலோகம் இருக்கக் கூடாது. கல்யாணமான பெண்கள் தாலியைக் கழற்றிக் கைக்குட்டையில் முடிந்து வைத்துவிட்டு, திரும்பும்போது பஸ்ஸில் மாட்டிக்கொள்வார்கள். வீட்டில் யாரும் மூச்சு விடுவதில்லை. தெரிந்தால் வேலைக்கு விட மாட்டார்கள். அன்று வாசலில் நின்று, மழையில் பஸ் நீந்தித்தான் வரும் என்று சூப்பர்வைசரிடம் சொல்லிச் சித்தி சிரித்தாள். அவ்வளவுதான். பக்கத்தில் நின்ற எனக்குக் கேட்டது, சாலைக்கு அந்தப் பக்கம் இருந்தவருக்குக் கேட்கவில்லை. ஓர் ஆம்பளை முன்னால் சிரித்த வாயும் வெறுங்கழுத்தும் மட்டும் அவருக்குத் தெரிந்தன. மழைச்சட்டையைக் கொடுக்காமலே வண்டியைத் திருப்பிக்கொண்டு போய்விட்டார்.

அதன்பிறகு அவர் அவளிடம் பேசவில்லை. சித்தி சோறு போடுவாள், அவர் கழுத்தைப் பார்ப்பார், சாப்பிட்டு எழுந்துவிடுவார். வாய்விட்டுக் கேட்டிருந்தால் ஒரு நிமிடத்தில் முடிந்திருக்கும். பொறுக்க முடியாமல், வேலைக்காகத்தான் எல்லாரும் தாலியைக் கழற்றுகிறோம் என்று நான்தான் போட்டு உடைத்தேன். "நீயும் அவளும் ஒரே கூட்டுதான் லா" என்றார்.

சித்தி சண்டை போடவில்லை. பால்மரம் வெட்டும் வேலையிலிருந்து தப்பி வந்தவள் அவள். அந்த வேலை அவளுக்கு உயிர். தங்கத் தாலியை எடுத்து வைத்துவிட்டு, மஞ்சள் கயிற்றில் ஒரு மஞ்சள் கிழங்கைக் கோத்து, "நீங்களே கட்டுங்க, இனிமே கழட்டவே மாட்டேன்" என்று நீட்டினாள். கட்டினார். உலோகம் இல்லையே, வெறும் கயிறுதானே என்று சூப்பர்வைசரிடம் கெஞ்சிக் கூத்தாடி, அந்தக் கயிற்றோடு உள்ளே போக அனுமதியும் வாங்கினாள். அன்று சாயங்காலம்தான் சித்தப்பா அவளிடம் வாயைத் திறந்தார்.

"ஒனக்கு மட்டும் எப்படி விட்டான்?"

மறுநாள் காலை பேக்டரி பஸ் எங்கள் லயத்து வீடுகளின் முனையில் ஹாரன் அடித்துப் பார்த்துவிட்டுப் போனது. அவள் அடுப்படியை விட்டு எழவில்லை, நானும் ஏறவில்லை. எனக்கு அழுகை வந்தது. இனிமேலாவது இந்த மனிதருக்கு நிம்மதி வரட்டும் என்று நினைத்துக்கொண்டேன். முகம் கழுவிக்கொண்டு உள்ளே வந்த சித்தப்பா அவளைப் பார்த்துவிட்டுக் கேட்டார்:

"ஏன், அவன் வேலைய விட்டுப் போயிட்டானா?"