திரையில் சிவந்த பீம்

பத்தாவது வரை படித்தவள், கம்ப்யூட்டரைப் பற்றி எழுத வந்திருக்கிறேன். வாசகர்கள் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

புதுச்சேரியில் கட்டட இன்ஜினியர் ஒருவரின் அலுவலகத்தில் பெருக்கி, டீ போட்டுக் கொடுக்கிறேன். அவருடைய சாஃப்ட்வேரில் புதிதாக ஒரு வசதி வந்திருந்தது. வீட்டின் போட்டோக்களைக் கொடுத்தால், எந்த இடம் பாரம் தாங்காது என்று சிவப்பில் காட்டுமாம்.

"உங்க வூட்டு போட்டோ இருந்தா குடுங்கக்கா, போட்டுப் பாக்கலாம்" என்றார் சார்.

வீட்டில் நடந்த மகளின் வளைகாப்பில் எடுத்த போட்டோக்களைத் தயக்கத்தோடு காட்டினேன். மாடியில், உள்ளறைக்கு நேர் மேலே, பெரிய தண்ணீர் டேங்க் இருப்பதையும் சொன்னேன். திரையில் உள்ளறைக் கூரையைத் தாங்கும் பீம் முழுக்கச் சிவந்தது. பிரசவத்துக்கு வந்திருக்கும் மகள் அதன் கீழேதான் படுக்கிறாள்.

"பயப்படாதீங்கக்கா. உள்ள கம்பி எப்படி இருக்குன்னு அதுக்குத் தெரியாது, அதுவா யூகம் பண்ணிக்குது. நாளைக்கு நேர்ல வந்து பாக்குறேன்" என்றார்.

பஸ்ஸில் அதையே நினைத்துக்கொண்டு வந்தேன். பீம் தாங்கும் என்று நாங்கள் இத்தனை வருடம் இருந்ததும் யூகம்தானே?

வந்ததும் மகளின் கட்டிலைக் கூடத்துக்கு இழுத்தேன்.

"இன்னாடி, கம்ப்யூட்டர் செவந்தா வூடு இடிஞ்சிடுமா?" என்று சிரித்தார் வீட்டுக்காரர்.

அவரை எதிர்த்துப் பேசிப் பழக்கமில்லை. ஆனாலும், "அப்ப நீங்க அங்க படுங்க, பாப்போம்" என்றேன்.

அவர் மகளின் வயிற்றைப் பார்த்தார். மாடியேறினார். சற்று நேரத்தில் டேங்க் தண்ணீரெல்லாம் வாசலில் ஓடியது.

மெஷினை நம்பினேனா என்று இன்றும் தெரியவில்லை. என் பயத்தையும் வாய்விட்டுச் சொல்லலாம் என்று மட்டும் அன்று தெரிந்தது.

மறுநாள் சார் வந்து சுத்தியலால் தட்டினார். காரை பெயர்ந்து, துருப்பிடித்த கம்பி தெரிந்தது.