இசைத்தட்டில் ஒரு பொட்டு

மகள் கிளாரினெட் ஊதுற குழுவின்ர முதலாவது இசைத்தட்டு வெளிவர முன்னம், மாதிரித் தட்டு ஒண்டு தபாலில வந்தது. அதைக் கேட்டு, பிழையில்லையெண்டு அண்டைக்குப் பின்னேரத்துக்குள்ள அவள் சொல்லவேணும். சொன்னால்தான் தொழிற்சாலையில மிச்சத்தை அடிப்பினம். பிழையெண்டால் எல்லாம் முதலில இருந்து. இஞ்சை சுவிஸில, லாங்கன்தால் எண்ட ஊரில மண்டபம் எடுத்து வைச்சிருக்கிற வெளியீட்டுக்குத் தட்டே இராது.

எனக்கு இந்தச் சுவிங் சங்கதி இண்டைக்கும் புதினம்தான். பூட்டன்மாற்ற காலத்து அமெரிக்க ஆட்டப் பாட்டு. அதைச் சுவிஸ் இளந்தாரியள் தோள்வார் வைச்ச காற்சட்டையோட திரும்ப வாசிக்கினம். அதுக்குள்ள என்ர பிள்ளை என்னத்தைத் தேடுறாள்? கேட்டதுக்கு, "கால் தன்ரபாட்டில ஆடுமெல்லோ அம்மா," எண்டாள். பொய்யில்லை. ஆஸ்பத்திரிக் குசினியில பாத்திரம் அடுக்கேக்கை என்ர காலும் ஆடியிருக்கு. என்ர மனுசன் மட்டும் மசியேல்லை. மகள் ஊதத் தொடங்கினால் எழும்பிப்போய் அறைக் கதவைச் சாத்துவார். ஒரு கச்சேரிக்கும் வரேல்லை.

வேலையால வந்தவள் ஜாக்கெட்டும் கழட்டாமல், பழைய சாமான் கடையில வாங்கின பிளேயரில தட்டைப் போட்டாள். முதலாவது பாட்டை அவள்தான் தனிய ஊதித் தொடங்கிறது. ஊசி வைச்ச உடனை 'டக்'. ஒவ்வொரு சுத்துக்கும் ஒரு 'டக்'. பிள்ளையின்ர முகம் செத்துப்போச்சு. "பிழைச்சுப்போச்சம்மா," எண்டு போனை எடுத்திட்டாள்.

என்னெண்டு பாக்காமல் இருக்க எனக்கு ஏலாது. தட்டை நிப்பாட்டிப்போட்டுக் கண்ணாடியோட குனிஞ்சு பாத்தன். கறுப்பு ஓரத்தில காய்ஞ்ச சந்தனம், அதுக்கு மேல குங்குமம். வடிவான பொட்டு.

எங்கட வீட்டில புதுச் சாமான் எது வந்தாலும் சாமிக்கு முன்னால வைச்சுப் பொட்டு வைக்காமல் தொடுறேல்லை. காருக்கும் வைச்சது, சோறு அவிக்கிற மெசினுக்கும் வைச்சது. வைக்கிறது மனுசன்தான்.

"அப்பாவோ?" எண்டாள் மகள், நம்பேலாமல்.

வாசலில நிண்டவர், "அந்தக் கறுப்பிலயோ பாட்டு இருக்கு?" எண்டு கேட்டார்.

"உங்களுக்கு வேற இடம் கிடைக்கேல்லையோ?" எண்டு நான் ஏறி விழுந்தன். மனுசன் பல்கணிக்குப் போயிட்டார்.

மகள் ஈரத்துணியால மெல்ல மெல்லத் துடைச்சுப்போட்டுத் திரும்ப ஊசியை வைச்சாள். 'டக்' இல்லை. இரண்டு பக்கமும் கேட்டு முடிச்சு, குழுவுக்குப் போன் எடுத்து எல்லாம் சரியெண்டாள். பிறகு தட்டைத் தூக்கிக்கொண்டு பல்கணிக்குப் போனாள்.

"துடைச்சது எனக்கு மனசுக்குச் சரியில்லை அப்பா. திரும்ப வையுங்கோ. நடுவில, கடதாசி ஒட்டின இடத்தில."

மனுசன் சந்தனம் குழைச்சுக்கொண்டு வந்தார். விரலைத் தட்டுக்குக் கிட்டக் கொண்டுபோனவர் அப்பிடியே நிப்பாட்டினார்.

"பொறு பிள்ளை," எண்டார். "நீ ஊதினதை முதல் நான் ஒருக்கால் கேக்கிறன்."