இரண்டாவது விசில் வருவதற்குள்

முதலியார்பேட்டையில் நாங்கள் வாடகைக்கு இருந்த வீட்டில், மாடிக்குப் போகும் படிக்கட்டு பாதியில் ஒருமுறை திரும்பும். அந்தத் திருப்பத்தில் இரண்டு பேர் உட்கார இடமும், கம்பி போட்ட சின்ன ஜன்னலும் உண்டு. அங்கே போய் உட்கார்ந்தால் வெளியே நேரம் நகராது என்பதைக் கண்டுபிடித்தது நான்தான். அந்தப் பெருமையை எங்கள் வீட்டில் எனக்கு யாரும் முறையாகத் தந்ததில்லை.

அப்போது நான் நான்காம் வகுப்பு. அம்மாவின் பரீட்சை கைடு அட்டையைக் கிழித்துக் கப்பல் செய்ததற்காக முதுகில் ஒன்று வாங்கிக்கொண்டு, அழுவதற்குத் தோதான இடம் தேடி அங்கே போனேன். படியேறும்போது அடுப்படியில் குக்கரின் முதல் விசில் கேட்டது. அழுது தீர்த்து, வெறும் தரையில் தூங்கி, பசியில் எழுந்து இறங்கினேன். எல்லோரும் சாப்பிட்டு முடித்திருப்பார்கள் என்று நினைத்தால், அம்மா இன்னும் இரண்டாவது விசிலுக்காகக் காத்துக்கொண்டிருந்தாள்.

“அதுக்குள்ள அழுது முடிச்சிட்டியா?” என்றாள்.

தூங்கி எழுந்து வருகிறேன் என்று சொன்னதை அவள் நம்பவில்லை. ஆனால் தரையின் சொரசொரப்பு என் கன்னத்தில் அச்சாகப் பதிந்திருந்தது. அதை விரலால் தடவிப் பார்த்தவள், அப்பாவின் கைக்கடிகாரத்தை எடுத்துக் கட்டிக்கொண்டு மேலே போனாள். ஒரு நிமிடம்கூட ஆகியிருக்காது, இறங்கி வந்துவிட்டாள். கைக்கடிகாரம் சுவர்க் கடிகாரத்தைவிட ஒன்றரை மணி நேரம் முந்தியிருந்தது. வேறு யாராவது என்றால் மந்திரிக்க ஆள் தேடியிருப்பார்கள். அம்மா அட்டை கிழிந்த கைடைத் தேடினாள்.

அம்மா அப்போது துணிக்கடை ஒன்றில் சேலை எடுத்துப்போடும் வேலையில் இருந்தாள். வீடு திரும்ப ஒன்பது மணியாகும். அரசாங்க குமாஸ்தா வேலைக்கான பரீட்சையை இரண்டு முறை எழுதித் தோற்றிருந்தாள். வயது வரம்பின்படி அந்த வருடம்தான் அவளுக்குக் கடைசி வாய்ப்பு. ஆட்டோ ஓட்டிய அப்பாவும் ஒருநாள் அந்த இடத்தில் உட்கார்ந்து பார்த்தார். தூக்கம் நன்றாக வருகிறது, சவாரிதான் வராது என்று சொல்லி இறங்கிவிட்டார்.

அன்றிலிருந்து தினமும் காலையில் முதல் விசில் வந்ததும் அம்மா கைடோடு மேலே போவாள். இரண்டாவது விசில் வருவதற்குள் ஒரு பாடத்தை முடித்துவிட்டு இறங்குவாள். வந்ததும் காலைப் பலகாரத்தை மறுபடியும் சாப்பிடுவாள். கடைக்குக் கிளம்பும்போதே நாள் முழுக்க வேலை பார்த்தவள் போலக் கொட்டாவி விடுவாள். நகம் அடிக்கடி வெட்ட வேண்டியிருந்தது. அத்தை ஒருமுறை வந்தபோது அம்மாவை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, “ஆறு மாசம் முன்ன பாத்ததுக்கு ரெண்டு மூணு வயசு கூடின மாதிரி இருக்கியே” என்றாள். வேலை அதிகம் என்று சொல்லி அம்மா பேச்சை மாற்றினாள்.

என்னை மட்டும் அங்கே உட்காரவே விடவில்லை. கண்டுபிடித்தவளுக்கே இடமில்லை என்பது எனக்குப் பெரிய அநியாயமாகப் பட்டது.

பரீட்சைக்கு முந்தைய ஞாயிற்றுக்கிழமை. மற்றதெல்லாம் முடிந்திருந்தது, கணக்கு மட்டும் அம்மாவுக்குப் பிடிபடவில்லை. முதல் விசில் வந்து அவள் மேலே போனதும் நானும் பின்னாலேயே போனேன். ஜன்னலுக்கு வெளியே காற்றில் வளைந்த தென்னங்கீற்று நிமிராமல் அப்படியே நின்றது. மின்கம்பிக்கு மேலே ஒரு காக்கை இறக்கையை விரித்தபடி இருந்தது. கீழேயிருந்து விசில் சத்தம் முடியாமல் மெல்லிய இழையாக நீண்டுகொண்டிருந்தது. திட்டு விழும் என்று சுவரோடு ஒட்டி நின்றேன்.

எதற்கு வந்தாய் என்று கேட்டாள்.

“நீ வீட்ல இருக்கறதே இல்ல. இங்கதான் ரொம்ப நேரம் இருக்க. நானும் இங்கயே இருக்கறேன்” என்றேன்.

அம்மா கைடை மூடினாள். “இங்க உக்காந்தா சீக்கிரம் பெரியவளாயிடுவ. எனக்கு அது வேணாம். நீ மெதுவாவே வளரு” என்று சொல்லி, என் கையைப் பிடித்துக் கீழே கூட்டிவந்தாள். சீக்கிரம் பெரியவளாவதுதான் என் ஆசையே என்பதால், அதைத் தர மனமில்லாமல் பேசுகிறாள் என்றே எண்ணினேன்.

அன்று அவள் திரும்ப மேலே போகவில்லை. சாப்பிட்டதும் என்னை பஸ்ஸில் அரியாங்குப்பத்துக்குக் கூட்டிப்போனாள். திரும்பும்போது ஆற்றுப் பாலம் வரை நடந்தோம். வழி நெடுக நான் கைடைப் பார்த்துக் கேள்வி வாசித்தேன், அவள் பதில் சொன்னாள். இரண்டு குழாய்களையும் ஒன்றாகத் திறந்தால் தொட்டி எத்தனை மணி நேரத்தில் நிரம்பும் என்ற கணக்கை இரண்டு தடவை தப்பாகச் சொன்னாள். மூன்றாம் தடவை பாலத்தின் நடுவில் நின்று, விரல் மடக்கிச் சரியாகச் சொன்னாள். எங்களோடு நடந்து வந்த மீன்கார அம்மாள் ஒருத்தி அதைக் கேட்டுவிட்டுத்தான் கூடையைத் தலையில் சரிசெய்துகொண்டு போனாள்.

பரீட்சையில் குழாய்க் கணக்கு வந்ததா என்று எனக்கு நினைவில்லை. மழைக்காலத்தில் முடிவு வந்தது. அப்பா சவாரியை நடுவழியில் நிறுத்தி, பின்னால் இருந்தவரிடம் போனைக் காட்டி, பட்டியலில் அம்மாவின் பெயரை வாசிக்கச் சொன்னாராம். அதன்பிறகு துணி காயப்போட மட்டுமே அம்மா மாடிக்குப் போனாள். அந்தத் திருப்பத்தில் நிற்காமல் வேகமாகக் கடந்துவிடுவாள்.

வேலையில் சேருவதற்கு முதல்நாள் மாலை, அலுவலகத்தில் கொடுத்த படிவத்தைத் தரையில் விரித்துவைத்து நிரப்பினாள். நான் பக்கத்தில் குப்புறப் படுத்து வேடிக்கை பார்த்தேன். பெயர், கணவர் பெயர், பிறந்த தேதி எல்லாவற்றையும் அழகான எழுத்தில் மளமளவென்று எழுதியவள், வயது என்ற கட்டத்தில் பேனாவை வைத்துவிட்டு நெடுநேரம் எழுதாமல் இருந்தாள். பிறகு தனக்குள் சிரித்துக்கொண்டாள். தன் வயதே தெரியாதவர்களுக்குக்கூட அரசாங்க வேலை கொடுப்பார்கள் போலிருக்கிறது என்று நான் நினைத்துக்கொண்டேன்.