தலைமாட்டு நாற்காலி

புருஷன் சாவுக்கு செர்வா அழவில்லை என்று எங்கள் குமாசி ஊர்ச் சந்தையில் இன்னும் பேச்சு ஓயவில்லை. அப்படிப் பேசுகிற நாக்கு அழுகட்டும். அவள் கடைக்கு அடுத்த கடையில் தக்காளி விற்கிறவள் நான். அன்றைக்குச் சாவு வீட்டிலும் அவள் பக்கத்திலேயேதான் நின்றேன்.

செர்வா வாழைக்காய் வறுத்து விற்பாள். பதினோரு வருஷத்துக்கு முன்னால் ஒரு பாட்டுக்குப் படம் பிடிக்க வந்தவர்கள் அவள் அடுப்பு முன்னால் பாடகனை ஆடவிட்டார்கள். அவன் என்ன குதி குதித்தும் இவள் நிமிரவில்லை. காயைப் புரட்டிப் போட்டாள், கடைசியில் ஒரே ஒரு தடவை அவனைப் பார்த்தாள். ஜனங்களுக்கு அந்தப் பார்வையே போதுமாக இருந்தது. அப்புறம் வாசலில் காத்திருக்கும் மனைவி, பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்தவள் என்று இருபது பாட்டுக்கு மேல் கூப்பிட்டார்கள். ஆடச் சொன்னால் போகமாட்டாள். அது நடிப்பே இல்லை, அவள் சுபாவம். பிரசவ வலியிலேயே சத்தம் போடாதவள்.

புருஷன் ஒச்செரே பக்கவாதத்தில் ஏழு மாதம் கிடந்து செத்தான். எங்கள் ஊரில் சாவுக்காரியம் முழுக்க அவன் பிறந்த குடும்பத்தின் கையில். பெண்டாட்டிக்கு மிஞ்சுவது உடலின் தலைமாட்டில் போடும் நாற்காலி ஒன்றுதான். அதையும் பிடுங்கி நான் பார்த்ததில்லை.

ஒச்செரேயின் அக்கா ஃப்ரிம்போமா பிடுங்கினாள். லண்டனில் இருக்கும், செர்வாவைப் பார்த்தேயிராத சொந்தங்களுக்கு அனுப்ப வீடியோ எடுக்கச் சொல்லியிருந்தாள், கூலிக்கு மூன்று ஒப்பாரிக்காரிகளையும் பிடித்து வந்திருந்தாள். கேமரா செர்வா பக்கம் திரும்பியது. கண்ணில் பொட்டுத் தண்ணீர் இல்லை. ஃப்ரிம்போமாவுக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"இங்கயும் பாட்டுக்கு உக்காந்த மாதிரியே உக்காந்திருக்கியா? எந்திரிடி. என் தம்பிக்கு அழறவங்க உக்காரட்டும்."

எழுப்பியே விட்டாள். அந்த இடத்தில் ஒப்பாரிக்காரி ஒருத்தியை உட்காரவைத்தாள். அந்தப் புண்ணியவதி மாரில் அடித்துக்கொண்டு வேறு எவன் பேரையோ சொல்லி அழுதாள். யாராவது கேட்டார்களா? நான் வாயைத் திறப்பதற்குள் செர்வா என் கையைப் பிடித்து நிறுத்தினாள். நாத்தனாரிடம் அவளே மெதுவாகச் சொன்னாள்.

"ஏழு மாசம் அழுதேன் அண்ணி. அவரக் கழுவுறப்ப, கஞ்சி ஊட்டுறப்ப. ஒரு நாளாவது நீங்க எட்டிப் பாத்திருந்தா தெரிஞ்சிருக்கும்."

அப்போதும் ஃப்ரிம்போமா நாற்காலியைத் திருப்பித் தரவில்லை. செர்வா நாலு மணி நேரம் நின்றாள். உடலைத் தூக்கியதும் ஒப்பாரிக்காரி முகத்தைத் துடைத்துக்கொண்டு சோறு எங்கே என்று கேட்டாள்.

வீடியோ லண்டனுக்குப் போனது. அங்கிருந்து வந்த பதிலைப் போன வாரம் ஃப்ரிம்போமாவே சந்தையில் சொல்லிச் சிரித்தாள், கொஞ்சம்கூட வெட்கமில்லாமல். ஒச்செரேக்கு எப்பேர்ப்பட்ட பெண்டாட்டி, எப்படி அழுகிறாள் பாவம் என்றார்களாம். கூடவே ஒன்று கேட்டார்களாம்:

"பின்னால ஒருத்தி சும்மா நிக்கிறாளே, அவ யாரு? கூலிக்கு வந்தவளா?"