எட்டாவது பாட்டு

இசைக் கம்பெனியின் டேப் அறையை இருபத்திரண்டு வருடமாகக் கட்டிக்காக்கும் அந்த அம்மாவுக்கு ஆபீசில் பட்டியல்காரி என்று பெயர். கல்லறையையும் இருட்டையும் பாடியே உலகத்தைச் சுற்றிவந்த ஒரு கோதிக் ராக் குழுவின் ஆல்பங்கள் அவருக்குத் தலைகீழ்ப் பாடம். முதலாவதில் வெறும் கிடாரும் கோபமும். இரண்டாவதில் ஆர்கன் நுழைந்தது. மூன்றாவதில் டிரம்மரை அனுப்பிவிட்டு மெஷினை உட்காரவைத்தார்கள். ஐந்தாவதில் வயலின் கூட்டம். அதைக் கேட்டால் நிஜமாகவே சாகத் தோன்றுகிறது என்பார்.

முதல் ஆல்பத்தின் அட்டையில் எட்டுப் பாட்டு அச்சாகியிருந்தது. இசைத்தட்டில் இருந்ததோ ஏழு. கடைசி நிமிடத்தில் ஒன்றை வெட்டியிருந்தார்கள். மறுபதிப்பில் அட்டையையும் திருத்திவிட்டார்கள். பட்டியல்காரி மட்டும் தன் பட்டியலில் எட்டைத் தொடவில்லை. அந்தப் பாட்டைப் பாடியவள் குழுவில் பேஸ் கிடார் வாசித்த பெண். குழுவை நடத்திய பாடகரோடு முட்டிக்கொண்டு வெளியேறினாள், இரண்டே வருடத்தில் கண்ணை மூடிவிட்டாள். அவள் குரல் வேறெங்கும் பதிவாகவில்லை.

இப்போது எல்லா ஆல்பங்களும் ஒரே பெட்டியாக வரப்போகின்றன. பழைய டேப்பின் பசை கசிந்து ஒட்டிக்கொண்டதால், ஓவனில் மெல்லிய சூட்டில் காயவைத்துத்தான் ஓட்டிக் கம்ப்யூட்டரில் ஏற்ற முடியும். முதல் ஆல்பத்தின் டேப்பை ஏற்கெனவே ஒருமுறை காயவைத்து, ஏழோடு நிறுத்தியாயிற்று. இது இரண்டாவது. மூன்றாவதைத் தாங்காது. பாடகரின் கட்டளை, ஏழு பாட்டுக்கு மேல் ஒரு நொடி ஓடினாலும் அன்றோடு வேலைக்கு முழுக்குப் போட்டுவிடலாம் என்று மேனேஜர் காலையிலேயே போனில் சொல்லியிருந்தார். பாடகர் கறுப்புக் கோட்டோடு பின்னால் வந்து உட்கார்ந்திருந்தார்.

ஏழாவது பாட்டு முடிந்தது. டேப் ஓடிக்கொண்டிருந்தது.

"போதும். நிறுத்துங்க," என்றார் பாடகர்.

அவர் எழுந்து வந்து கையை நீட்ட, பட்டியல்காரி நிறுத்தும் பட்டனைத் தன் உள்ளங்கையால் மூடினார்.

"பாட்டு உங்களுது சார். டேப் என் பொறுப்பு. இப்ப நிறுத்தினா இனிமே ஓடாது."

அதற்குள் பேஸ் ஆரம்பித்துவிட்டது. அப்புறம் அவள் குரல், சுருதி கொஞ்சம் தப்பி, பயமே இல்லாமல். டேப்பின் கருந்தூள் மெஷினின் ஹெட்டில் உதிர உதிர, எந்த நொடி அறுந்துபோகுமோ என்று பட்டியல்காரி சுழலும் டேப்பையே பார்த்துக்கொண்டிருந்தார். நான்கு நிமிடம் அவர் கை அசையவில்லை. பாட்டு முடிந்து சற்று மௌனம். டேப்பில் யாரோ ஏதோ சொல்ல, அவள் சிரித்தாள். டேப் தீர்ந்தது.

பாடகர் கம்ப்யூட்டரைக் காட்டி, அதில் பதிவான எட்டாவது பாட்டை அழிக்கச் சொன்னார்.

"என் கையால ஆகாது சார். நீங்களே அழிங்க," என்று பட்டியல்காரி நாற்காலியை விட்டு எழுந்தார். வேலை போய்விட்டது என்றே முடிவு கட்டிவிட்டார்.

பாடகர் அந்த நாற்காலியில் உட்கார்ந்தார். மவுஸின்மேல் விரலை வைத்தார். வெகுநேரம் அது அங்கேயே இருந்தது.

"கடைசில சிரிச்சாளே. அது பாட்டுக்குள்ள வருதா, முடிஞ்சப்புறமா?"

"முடிஞ்சப்புறம்தான் சார்."

"அதையும் சேத்தே வைங்க," என்றார். "நான் சொன்னதுக்குத்தான் சிரிச்சா."